புரட்டாசியில் ஒரு கடற்கரைச் சுற்றுலா

என் அப்பா மலேசியாவின் சுங்கைப் பட்டாணியில் ஒரு தொழிற்சாலையின் வாசலில் செக்யூரிட்டியாக இருந்தார். உள்ளே போகிறவர்களின் பையைத் திறந்து பார்ப்பதும், வெளியே வருகிறவர்களின் பையை இன்னும் நன்றாகத் திறந்து பார்ப்பதும்தான் வேலை. சந்தேகப்படுவதற்கென்றே சம்பளம் வாங்கிய மனிதர். வீட்டுக்கு வந்தால் சீருடையைக் கழற்றுவாரே தவிர அந்தக் குணத்தைக் கழற்றமாட்டார். அடுப்படியில் டப்பா திறக்கிற சத்தம் கேட்டால் போதும், கூடத்திலிருந்து "என்னா எடுக்கிற?" என்று குரல் வரும். நான் வீட்டுக்கு ஒரே பெண். பத்து வயதில் இரட்டைச் சடையோடு அவருக்கு நல்ல உதவியாளாகத் தேறியிருந்தேன். பள்ளிக்கூட வேன் வழக்கமான பாதையை விட்டுத் திரும்பினால்கூட அன்று சாயங்காலமே அப்பாவிடம் சொல்லிவிடுவேன்.

அப்படிப்பட்ட வீட்டுக்கு மாமா ஒருநாள் வந்து, எல்லோரையும் சும்மா சுற்றுலா கூட்டிக்கொண்டு போகப்போவதாகச் சொன்னார்.

மாமா அம்மாவின் தம்பி. தொழிற்சாலை ஆட்களை ஏற்றி இறக்கும் வேன் ஓட்டுகிறவர். சனி ஞாயிறுகளில் வேன் சும்மாதான் நிற்கிறது, அதை வைத்து வழிகாட்டியோடு ஒருநாள் கடற்கரைச் சுற்றுலா நடத்தலாம் என்று யோசனை வந்திருக்கிறதாம். தஞ்சோங் டாவாய், யான், கோலக் கெடா. எல்லாம் சரித்திரம் உள்ள பழைய ஊர்கள்.

"வழிகாட்டி யாரு?" என்று அப்பா கேட்டார்.

"நாந்தான் மச்சான்."

அப்பா மாமாவை மேலும் கீழும் பார்த்தார். மாமா பள்ளிக்கூடத்தில் சரித்திரப் பாடத்தை எப்படிப் படித்தார் என்பது நாங்கள் குடியிருந்த தோட்டத்துக்கே தெரியும்.

"காசு?"

"காசெல்லாம் வேணாம்லா. இது வெள்ளோட்டம். நீங்க வந்து பாத்துட்டு நல்லா இருக்கு, இல்லன்னு சொன்னா போதும்."

காசு கேட்டிருந்தால் அப்பாவுக்கு அவ்வளவு சந்தேகம் வந்திருக்காது. இதற்கு முன்னால் மாமா ஒரு தண்ணீர் வடிகட்டியைச் "சும்மா பாருங்க" என்று கொண்டுவந்து வைத்து, அது எங்கள் சுவரில் நிரந்தரமாகத் தங்கிவிட்ட கதை ஒன்று உண்டு. மாமா போன பிறகு அப்பா அம்மாவிடம் சொன்னார். "இதுலயும் அவன் ஏதாச்சும் வேலை வச்சிருந்தான்னா, இந்த வாசப்படிய மிதிக்கக் கூடாது. சொல்லிட்டேன்." அப்பா ஒன்றைச் சொல்லிவிட்டால் அதிலிருந்து இறங்கி வந்து நான் பார்த்ததில்லை. தாத்தாவும் பாட்டியும் போன பிறகு அம்மாவுக்குப் பிறந்த வீடு என்று மிஞ்சியிருந்தது மாமா ஒருவர்தான். அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தார்.

மிஞ்சியிருந்தது மாமா ஒருவர்தான் என்பது எனக்கு அப்போது தெரிந்த கணக்கு. உண்மைக் கணக்கை இங்கேயே சொல்லிவிடுகிறேன். அம்மாவுக்கு ஓர் அக்கா இருந்தார், என் பெரியம்மா. கோலக் கெடாவில் சாப்பாட்டுக்கடை வைத்திருந்த ஒரு தமிழ் முஸ்லிம் வீட்டுப் பையனைக் கட்டிக்கொண்டு, மதமும் பேரும் மாறி, சின்ன வயதிலேயே போய்விட்டார். போன அன்று தாத்தா, வீட்டிலிருந்த எல்லோரையும் தோட்டத்து வரிசை வீடுகளான லயத்துக்குப் பின்னாலிருந்த பைப்படிக்குக் கூட்டிப்போய், சாவு வீட்டில் முழுகுவதுபோலத் தலைமுழுகச் சொல்லியிருக்கிறார். அம்மாவும் ஈரத்தலையோடு நின்றிருக்கிறார். பிறகு அம்மாவைப் பெண் கேட்டு வந்தபோது, அந்தப் பெண்ணோடு போக்குவரத்து வைத்துக்கொள்ளக் கூடாது என்று அப்பா வீட்டில் கேட்டார்கள். தாத்தா சரி என்றார். அப்பா தன் அப்பாவுக்கு வாக்குக் கொடுத்தார். பேசி முடித்த பெரியவர்கள் இரண்டு பேரும் காலமாகிவிட்டார்கள், வாக்கு மட்டும் எங்கள் வீட்டில் நன்றாக உயிரோடு இருந்தது.

கைப்பேசி வந்த பிறகு அக்காளும் தங்கையும் ஒருவரையொருவர் கண்டுபிடித்துவிட்டார்கள். துணி துவைக்கிற இயந்திரம் ஓடும்போது அம்மா அதன் பக்கத்தில் நின்று பேசுவார். முகம்கூடப் பார்த்திருக்கிறார்கள். ஆனால் போனில் பார்ப்பதெல்லாம் பார்த்ததாகுமா என்றார் அம்மா, இதையெல்லாம் பிற்பாடு எனக்குச் சொன்னபோது. ஒரு தடவை அப்பாவிடம் வாய்விட்டே கேட்டிருக்கிறார். "குடுத்த வாக்கு" என்று அப்பா எழுந்து போய்விட்டாராம். அதன் பிறகுதான் மாமா வழிகாட்டி ஆனார்.

மாமா லேசுப்பட்ட ஆள் இல்லை. பக்கத்து வீட்டு அக்காவையும் அவர் வீட்டுக்காரரையும் கூட வரச் சொல்லிவிட்டார். வெளியாட்கள் முன்னால் அப்பா சத்தம் போடமாட்டார் என்பது அவருக்குத் தெரியும். எல்லாம் யோசித்த மனிதர் ஒன்றை மட்டும் மறந்துவிட்டார். நாள் குறித்துச் சொன்னதும் பக்கத்து வீட்டு அக்கா வாயில் கையை வைத்தார். "ஐயோ தம்பி, அது பொரட்டாசி சனியாச்சே!"

எங்கள் லயத்தில் புரட்டாசி மாதம் முழுவதும் கவிச்சி கிடையாது. சனிக்கிழமை என்றால் கவிச்சி பட்ட கரண்டிகூட அடுப்புப் பக்கம் வராது. அந்த நாளில் மீன் பிடிக்கிற ஊர், மீன் காய்கிற ஊர், மீன் விற்கிற ஊர் என்று வரிசையாகச் சுற்றுலா. மாமாவின் முகம் செத்துப்போனது. "அடுத்த வாரத்துக்கு மாத்திக்கலாமே" என்று அப்பா சொல்லிப் பார்த்தார். வேன் கிடைக்காது என்று மாமா அவசரமாக மறுத்தார். அப்பா என்னைப் பார்த்தார். நானும் தலையாட்டினேன்.

அன்று காலையில் அம்மா நீலப் பட்டுப்புடவையை எடுத்துக் கட்டினார்.

"மீன் வாடை அடிக்கிற ஊருக்குப் பட்டுப்புடவையா?"

"போட்டோ எடுப்பாங்க இல்ல?"

அம்மா இரண்டு தடவை பவுடர் போட்டதை நான் பார்த்தேன். பார்த்ததை அப்பாவிடம் சொன்னேன். "ம், கவனிச்சுக்க" என்றார்.

வேன் மெர்போக் வழியாகக் கடற்கரையை நோக்கிப் போனது. மாமா தொப்பி வைத்திருந்தார். கோயில் திருவிழாவில் அறிவிப்புச் செய்கிற சின்ன ஒலிபெருக்கியை எங்கிருந்தோ வாங்கிவந்திருந்தார். ஆறே பேர் இருந்த வேனுக்குள் அது காதைக் கிழித்தது. "எல்லாரும் வலது கைப் பக்கம் பாருங்க. அதான் குனோங் ஜெராய் மலை."

"அது எங்க வீட்டுக் கொல்லையிலிருந்தே தெரியுது மாப்ள" என்றார் அப்பா.

தஞ்சோங் டாவாயில் இறங்கியதும் பெலாச்சான் என்கிற இறால் விழுதின் வாடை முகத்தில் அறைந்தது. பக்கத்து வீட்டு அக்கா முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டு, மோப்பம் பிடித்தால் விரதம் கெடுமா கெடாதா என்று தன் வீட்டுக்காரரிடம் கேட்டார். சோழர் கப்பல் இங்கேதான் வந்து நின்றது என்று மாமா ஒலிபெருக்கியில் அறிவித்தார். வலை உலர்த்திக்கொண்டிருந்த மலாய்க்காரர்கள் எங்களைத் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு கருவாட்டுக்கடைக்காரர் மாமாவைப் பார்த்துச் சிரித்து ஒரு தேத்தண்ணீர் கொடுத்தார். அப்பா என் பக்கம் குனிந்து, "கமிஷன்" என்றார். கடையில் நாங்கள் ஒன்றுமே வாங்கவில்லை, வாங்கவும் முடியாது. ஆனால் அப்பா சொன்னால் அது சரியாகத்தான் இருக்கும் என்று அந்தக் கடைக்காரரை நான் முறைத்துவைத்தேன்.

யானில் நாங்கள் பார்த்த சரித்திரம் ஒரு பெட்ரோல் நிலையத்தின் கழிப்பறை. அங்கேயும் சோழர் கப்பல் வந்து நின்றதாக மாமா சொன்னார்.

"எல்லா ஊர்லயும் நின்னு நின்னு வர்றதுக்கு அது என்னா கப்பலா, பஸ்ஸா?" என்றார் அப்பா. பக்கத்து வீட்டு அக்காவின் வீட்டுக்காரர் விழுந்து விழுந்து சிரித்தார். மாமாவும் சிரித்தார், ஆனால் அவர் கண் கைப்பேசியில் இருந்தது. யானை விட்டதிலிருந்து வண்டி நிற்கிற இடத்திலெல்லாம் அதை எடுத்துப் பார்த்தார். ஒருபக்கம் வயல், ஒருபக்கம் கடல். கடல் வற்றிப்போய்ச் சேறு தெரிந்தது. அம்மா ஒன்றையும் பார்க்கவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார், அவர் கை சில்லென்று இருந்தது. வாந்தி வருகிறதோ என்று நினைத்து ஒரு பிளாஸ்டிக் பையை எடுத்துத் தயாராக வைத்துக்கொண்டேன்.

கோலக் கெடாவில் பாலத்தைத் தாண்டி முதலில் கோட்டைக்குப் போனோம். செங்கல் மதில், பீரங்கிகள், ஒரு கலங்கரை விளக்கம். பக்கத்து வீட்டு அக்கா பீரங்கிக்கு முன்னால் செருப்பைக் கழற்றிவிட்டு, அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். இவ்வளவு பழசு என்றால் சும்மா இருக்காது என்பது அவர் எண்ணம். மாமா கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே, "போலாமா? சாப்பாட்டு நேரமாச்சு" என்று நச்சரித்தார்.

"கோட்டையப் பாக்க வந்தோமா, சாப்பாட்டப் பாக்க வந்தோமா?" அப்பாவுக்கு வீம்பு வந்துவிட்டது. அங்கே மாட்டியிருந்த அறிவிப்புப் பலகை ஒவ்வொன்றையும் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு மெதுவாகப் படித்தார். மலாயில் படித்துவிட்டு ஆங்கிலத்திலும் படித்தார். ஆற்றுக்கு அக்கரையில் ஊர் தெரிந்தது. அம்மா மதிலோரம் வெயிலில் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்தார். நிழலுக்கு வாங்கம்மா என்றேன், காதில் விழவில்லை. இப்போது அதை நினைத்தால் அப்பாவைப் பிடித்து உலுக்க வேண்டும்போல இருக்கிறது. அன்றைக்கு நானும் அவரோடு சேர்ந்து நிதானமாகப் பலகை படித்தேன்.

சாப்பாட்டுக்கடை படகுத்துறைக்குப் போகிற சாலையில் இருந்தது. முன்பக்கம் கண்ணாடி அலமாரிக்குள் மீன்தலைக் குழம்பும் கோழியும் வரிசையாக இருந்தன. பக்கத்து வீட்டு அக்கா கண்ணை மூடிக்கொண்டே அதைத் தாண்டினார். மாமா எங்களைப் பின்னாலிருந்த அறைக்குக் கூட்டிப்போனார். மேசை துடைத்து, தண்ணீர் வைத்து, யாருக்கோ காத்திருந்தது அது.

"இங்க எப்டி நாம சாப்புடறது?" என்றார் அப்பா.

"சைவமா சொல்லி வச்சிருக்கேன் மச்சான்" என்றார் மாமா. ஒலிபெருக்கியை அவர் கையிலிருந்து இறக்கவே இல்லை.

ஓர் அம்மாள் வாழையிலைக் கட்டோடு வந்தார். தலையில் முக்காடு, மூக்குக் கண்ணாடி. கடையில் அத்தனை வேலையாட்கள் இருந்தும் அவரே இலை போட்டார். அம்மாவுக்கு முன்னால் போடும்போது இலையை இரண்டு தடவை சரிசெய்தார். அம்மா நிமிரவில்லை. அப்பா அந்த அம்மாளின் முகத்தைப் பார்த்தார், பிறகு அம்மாவைப் பார்த்தார். அடையாள அட்டையில் இருக்கிற படத்தையும் எதிரில் நிற்கிற ஆளையும் ஒப்பிட்டுப் பார்ப்பது அவருக்குத் தினமும் உள்ள வேலை. "கை கழுவிட்டு வர்றேன்" என்று எழுந்தார். நானும் பின்னாலேயே போனேன்.

பின்கட்டில், கடையின் அடுப்படியை விட்டுத் தள்ளி, தார்ப்பாய் கட்டிய நிழலில் தனியாக ஓர் அடுப்பு இருந்தது. அதைச் சுற்றிச் சோற்றுப் பானை, குழம்புச் சட்டி, வடிதட்டு, கரண்டிகள், காய் நறுக்குகிற பலகை. எல்லாம் புத்தம் புதியவை. சட்டியின் பக்கவாட்டில் ஒட்டியிருந்த லேபல் பாதி கருகி மீதி அப்படியே இருந்தது. அப்பா குனிந்து அதைப் பார்த்தார். தட்டுக் கழுவிக்கொண்டிருந்த வேலையாளிடம் இது யார் சமைத்தது என்று மலாயில் கேட்டார். முதலாளியம்மாதான், விடியற்காலையிலிருந்து தனியாகச் சமைக்கிறார், கடைக் கரண்டி எதுவும் இந்தப் பக்கம் வரக்கூடாது என்று சொல்லிவிட்டார் என்றார் அவர்.

எனக்குச் சந்தேகம் முற்றிவிட்டது. ஓசிச் சுற்றுலாவுக்கு வந்த ஆறு பேருக்கு யார் புதுப் பாத்திரம் வாங்குவார்கள்? "அப்பா, லேபல்கூட எடுக்கல பாருங்க" என்று காதில் சொன்னேன். சபாஷ் என்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் குழாயைத் திறந்து கை கழுவினார். கழுவிய கையையே மறுபடியும் கழுவினார்.

நாங்கள் திரும்பி வந்தபோது மாமா நின்றுகொண்டே இருந்தார். அம்மா இலையைப் பார்த்தபடி இருந்தார். அந்த அம்மாள் சோற்றுப் பானையை இடுப்போடு அணைத்துக்கொண்டு சுவர் ஓரமாக நின்றார். பக்கத்து வீட்டு அக்கா மட்டும், கடை ரொம்பச் சுத்தம் என்று பாராட்டிக்கொண்டிருந்தார். அப்பா நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்றார். கிளம்புங்கள் என்று சொல்லப்போகிறார் என்றுதான் நானும் நினைத்தேன், மாமாவும் நினைத்திருப்பார்.

அப்பா உட்கார்ந்தார். "உக்காரு மாப்ள. வழிகாட்டிக்குப் பசிக்காதா?" என்றார். பிறகு அந்த அம்மாளிடம், "சோறு போடுங்க" என்றார்.

அந்த அம்மாள் ஊற்றிய சாம்பார் இலையைத் தாண்டி அப்பாவின் கால்சட்டையில் கொட்டியது. "பரவால்ல, பரவால்ல" என்றார் அப்பா. தொழிற்சாலையில் ஒருவர் தன்மேல் தேத்தண்ணீர் சிந்தியதற்கு அவர் போட்ட சண்டையை அம்மா ஒரு மாதம் சொல்லிக்கொண்டிருந்தார். அம்மாவின் கண்ணிலிருந்து தண்ணீர் இலையில் விழுந்தது. காரம் என்று நினைத்துத் தண்ணீர்க் குவளையை நகர்த்தி வைத்தேன். அந்த அம்மாள் நாற்காலிகளுக்குப் பின்னால் போகும்போது அம்மாவின் தோளில் கை வைத்து எடுத்ததைப் பார்த்துவிட்டேன். உடனே அம்மாவின் கைப்பையை என் மடிக்கு இழுத்துக்கொண்டேன்.

சாப்பிட்டு முடித்து அம்மா கை கழுவப் போனார். அந்த அம்மாளும் போனார். இருவரும் திரும்பி வரவே இல்லை. நான் போய்ப் பார்த்துவருகிறேன் என்று எழுந்தேன். அப்பா என் மணிக்கட்டைப் பிடித்தார். "உக்காரு. அம்மா வரட்டும்." பிறகு பக்கத்து வீட்டுக்காரரிடம், தொழிற்சாலையில் செருப்புக்குள் சாமான் மறைத்துக் கொண்டுபோன ஒருவனைப் பிடித்த கதையை ஆரம்பித்தார். எனக்கு மனப்பாடமான கதை அது, வழக்கமாகச் சீக்கிரம் முடிந்துவிடும். அன்று அந்தத் திருடனுக்கு ஒரு தம்பி வந்தான், தம்பிக்கு ஒரு கல்யாணம் வந்தது. கதை முடிவதற்குள் மாமா மூன்று தடவை மூக்கைச் சிந்தினார்.

அம்மா முகம் கழுவிக்கொண்டு வந்தார். பவுடர் எல்லாம் போய்விட்டது.

கிளம்பும்போது கல்லா மேசையின் ஓரத்தில் பிரித்த வாழையிலைக்குள் மல்லிகைச் சரம் ஒன்று இருந்தது. குளிர்பெட்டியிலிருந்து அப்போதுதான் எடுத்திருக்க வேண்டும், இலையில் நீர் கோத்திருந்தது. அந்த அம்மாள் கல்லாவுக்குப் பின்னால் நின்று அதைப் பார்த்தார், யாரிடமும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லவில்லை. அம்மாவும் அதைப் பார்த்தார், தொடாமல் தாண்டிப் போனார். பிறந்த வீட்டிலிருந்து கிளம்புகிற பெண்ணைப் பூ வைக்காமல் அனுப்பமாட்டார்கள் என்பது எனக்குத் தெரிந்ததுதான். மீன்தலைக் குழம்பு விற்கிற கடை ஒன்று யாருடைய பிறந்த வீடாகவும் இருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

எல்லோரும் வெளியேறி, அந்த அம்மாளும் உள்ளே திரும்பிய பிறகு அப்பா மட்டும் பின்தங்கினார். இரண்டு பக்கமும் பார்த்தார். இலையை மடித்துக் கையில் எடுத்துக்கொண்டு வேகமாக வந்து வேனில் ஏறினார். அம்மாவிடம் நீட்டி, "வச்சிக்க" என்றார். அம்மா வாங்கித் தலையில் வைத்துக்கொண்டார்.

அடுத்தவர் பையைத் திறந்து பார்க்கிற என் அப்பா, ஊரான் வீட்டுப் பூவைத் திருடிவிட்டார். மாமா வண்டியை எடுத்ததும் திரும்பிப் பார்த்தேன். நான் பயந்தது போலவே அந்த அம்மாள் கடையிலிருந்து வேகவேகமாகச் சாலைக்கு வந்துகொண்டிருந்தார்.

"மாமா, சீக்கிரம் ஓட்டுங்க! வர்றாங்க!" என்று கத்தினேன்.

மாமா வண்டியை நிறுத்தியே விட்டார். அப்பா, "நிக்கட்டும், என்னா அவசரம்" என்றார். நான் இருக்கைக்குக் கீழே குனிந்துகொண்டு கண்ணாடியின் ஓரத்தால் பார்த்தேன். அந்த அம்மாள் வெயிலில் சாலையோரம் நின்று அம்மாவின் தலையையே பார்த்துக்கொண்டிருந்தார். பூவைக் கண்டுகொண்டுவிட்டார் என்று எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது. பிறகும் ஏன் அதைத் திருப்பிக் கேட்காமல் அப்படி நிற்கிறார் என்பதுதான் எனக்கு விளங்கவில்லை.